பிடி சார், பிடி

எங்கள் ஓசூர் வீட்டு மொட்டைமாடியில் ஒரு மரத்தளம் உண்டு. தொழிற்சாலைக்கு வெளிநாட்டு இயந்திரங்கள் வந்திறங்கிய பெட்டிகளின் பலகைகளைக் கேட்டு வாங்கி, நானே அடித்துப் போட்டது. வார்னிஷ் காய்வதற்குள் இரண்டு வயது மகள் ஓடிவந்து மூலையில் ஒரு கால் வைத்துவிட்டாள். ஐந்து விரலும் அப்படியே பதிந்துவிட்டன. எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. மனைவிதான் அதை அழிக்க விடவில்லை.

இருபது வருஷ வெயிலில் வார்னிஷ் செதில் செதிலாகக் கிளம்பியது. பிரஷர் வாஷர் அடித்து உரித்துவிடலாம் என்று கர்நாடக எல்லையில் உள்ள அத்திப்பள்ளியிலிருந்து ஒரு கன்னடக்காரரை வரவழைத்தேன்.

"அந்த மூலைய மட்டும் தொட்டுறாதீங்க" என்றாள் மனைவி. அவரிடமும் அரைகுறைக் கன்னடத்தில் சொல்லிவிட்டுக் கீழே போனாள்.

கொஞ்ச நேரம் வேடிக்கை பார்த்தேன். பொறுக்கவில்லை, தண்ணீர் பீய்ச்சும் கன்னை நானே வாங்கிக்கொண்டேன். பழைய வார்னிஷ் கருப்பட்டித் தண்ணீர்போல ஓடியது. சாரலில் ஒரு துண்டு வானவில் என்கூடவே நகர்ந்தது. ஈர மரத்திலிருந்து ஏதோ வாசனை. எந்த நாட்டுக் காடோ! பலகை பலகையாக வெளுத்துக்கொண்டே போக, நான் எங்கே நிற்கிறேன் என்பதே மறந்துபோனது. அவ்வளவு சுகம்.

"பிடி சார், பிடி!" என்று அவர் கத்தினார்.

இறுக்கிப் பிடித்தேன்.

கன்னடத்தில் அதற்கு 'விட்டுவிடுங்கள்' என்று அர்த்தம். எனக்குத் தெரியாதா? தினமும் கேட்கிற சொல். ஆனால் அந்த இரைச்சலில் தமிழ்தான் காதில் விழுந்தது. அவர் ஓடிப்போய் மெஷினை நிறுத்தியபோது மூலை பளிச்சென்று வெறுமையாக இருந்தது. அடப்பாவி என்று என்னையே திட்டிக்கொண்டேன்.

மனைவி வந்து பார்த்தாள். நடந்ததைச் சொன்னேன். "கன்னடம் எனக்குத் தண்ணிபட்ட பாடுன்னு பீத்துனீங்களே" என்றாள். கண் நிறைந்திருந்தது.

மரம் காய்ந்து வரும் நேரத்தில் மகள் மாடிக்கு வந்தாள். பெங்களூரில் வேலை, லீவுக்கு வந்திருந்தாள். விஷயத்தைக் கேட்டுச் சிரித்தாள். வாளித் தண்ணீரில் காலை நனைத்து, அதே மூலையில் அழுத்தி வைத்து எடுத்தாள்.

"இந்தாம்மா. இப்பச் சரியா?"

பெரிய பாதம். விரல்களிலிருந்து அது காயத் தொடங்கியது. மனைவி அருகில் குந்தி உட்கார்ந்து, முழுக்க மறையும்வரை பார்த்தாள்.

"இன்னொரு தடவ வைடி" என்றாள்.