அக்கா போனில் இருந்த ஊர்

ஆபீசில் அவளுக்குக் கத்தரிக்கோல் என்று பெயர். வைத்தவள் பக்கத்து நாற்காலிக்காரி. போனில் ஆடுகிற ஒரு விளையாட்டை நடத்தும் கம்பெனி அது. வீடு, கடை, ரோடு, பள்ளிக்கூடம் என்று ஒவ்வொன்றாக வைத்து ஆளுக்கொரு ஊர் கட்டிக்கொண்டே போகலாம். ஆடுகிறவர்களின் புகாருக்குப் பதில் எழுதுவது இவர்கள் வேலை. வருகிற புகாரில் பாதிக்கு மேல் ஒரே அழுகைதான்: என் ஊரைக் காணோம். புது போன் வாங்கினேன், ஊரைக் காணோம். தங்கச்சி மகன் ஒரு நாள் வாங்கி ஆடினான், திருப்பிக் கொடுத்தபோது ஊரைக் காணோம்.

மற்றவர்கள் பூசி மெழுகுவார்கள். உங்கள் வருத்தம் புரிகிறது, எங்கள் குழு கவனித்துக்கொண்டிருக்கிறது என்று எழுதி அனுப்பிவிட்டு டீ குடிக்கப் போவார்கள். கத்தரிக்கோல் தேட வேண்டிய இடமெல்லாம் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு தேடுவாள். கிடைத்தால் எடுத்துக் கொடுப்பாள். கிடைக்காவிட்டால், "அது போய்விட்டது, திரும்ப வராது" என்று ஒரே வரி. வெட்டு ஒன்று, துண்டு இரண்டு. டீம் லீடர் கூப்பிட்டு, "கொஞ்சம் இனிக்கச் சொல்லக் கூடாதாம்மா?" என்று கேட்டார்.

"இனிக்கச் சொன்னா நம்பிக்கிட்டு காத்திருக்காங்க சார். அவங்க காத்திருக்கறதுக்கு நாம என்ன பதில் சொல்றது?" என்றாள். அவர் மேஜையைத் துடைக்க ஆரம்பித்துவிட்டார். அவள் சொன்னது சரிதான். ஆனால் சரியாகப் பேசுகிறவளை எந்த ஆபீசுக்குத்தான் பிடிக்கும்?

அந்தப் புகார்களிலும் பெரும்பாலானவை ஒரே தப்பால் வருபவை. ஆள் ஒருத்தர், கணக்கு ஒன்று, போன் இரண்டு. ஒரு போன் நெட்டில் இருக்கும், இன்னொன்று நெட் இல்லாமல் எங்கேயோ கிடக்கும். இரண்டிலும் ஆடுவார்கள். நெட் வந்ததும் இங்கே கட்டியதும் அங்கே கட்டியதும் ஒன்றாகச் சேர்ந்து ஒரே பெரிய ஊராகிவிடும் என்று நினைப்பார்கள், இரண்டு செம்புப் பாலை ஒரு குண்டானில் ஊற்றுவது போல. அப்படியெல்லாம் சேராது. நெட் வழியாகக் கம்பெனியின் கிளவுடில் ஏறியது ஒன்று இருக்கிறது, இந்த போனில் ஒன்று இருக்கிறது, இரண்டில் எது வேண்டும் என்று கேட்கும். ஒன்றைத் தொட்டால் மற்றது ஒழிந்தது. இதை ஊரில் உள்ளவர்களுக்கெல்லாம் எழுதி எழுதி அவள் விரல் தேய்ந்திருந்தது. வீட்டில் ஒருத்திக்கு மட்டும் சொல்லவில்லை.

அந்த ஒருத்தி அவள் அக்கா மகள். நாலாம் வகுப்பு முடித்து ஐந்துக்குப் போகிறவள், பெயர் சொல்லி யாரும் கூப்பிட்டதில்லை, வாண்டுதான். அக்கா போய் ஒரு வருஷம் ஆகிறது. அக்கா வீட்டு மாடியறையில்தான் இவள் இருக்கிறாள். கல்யாணம் என்று பேச்செடுத்தவர்களை எல்லாம் அந்த ஒரே வரிக் கத்தரியால் அனுப்பிவைத்தவள், அக்கா படுத்த பிறகு கீழே சமையலறைக்கே வந்துவிட்டாள். மாமா லிஃப்ட் மெக்கானிக். நாள் முழுக்க அடுத்தவர்களை மேலே ஏற்றிக் கீழே இறக்கிவிட்டு வீட்டுக்கு வந்தால் பேச்சு வராது அவருக்கு.

அக்காவும் வாண்டும் ஒரே கணக்கில் அந்த விளையாட்டை ஆடினார்கள். அக்கா தன் போனில், வாண்டு டேப்லெட்டில். சித்தி வேலை பார்க்கிற கம்பெனியின் விளையாட்டு என்ற பெருமையில் ஆரம்பித்ததுதான். பிறகு அக்கா ஆஸ்பத்திரியில் சேர்ந்தாள். சின்னப் பிள்ளைகளை உள்ளே விடாத வார்டு, தரைக்குக் கீழே, நெட் எட்டாது. சாயங்காலம் நர்ஸ் மேஜையில் இருந்த லேண்ட்லைனிலிருந்து கூப்பிடுவாள்.

"இன்னைக்கு என்னம்மா கட்டின?" என்று வாண்டு முதலில் அதைத்தான் கேட்கும்.

"பள்ளிக்கூடத்துக்குப் பின்னாடி ஒரு குளம். சுத்தி மரம் வச்சிருக்கேன். வீட்டுக்கு வந்து நெட் போட்டதும் உனக்கும் வந்துடும் பாரு."

மறுநாள் குளத்தில் படகு வந்தது. அதற்கு மறுநாள் படகுத்துறையில் விளக்கு. அக்கா வீட்டுக்கு வரவில்லை, அவளுடைய போன்தான் ஒரு பையில் துண்டோடும் சீப்போடும் வந்தது. மாமா அந்தப் பையை அப்படியே பீரோவில் வைத்துப் பூட்டினார். யாரும் கேட்கவில்லை. கேட்கிற தைரியம் யாருக்கும் இல்லை.

வாண்டு டேப்லெட்டில் ஊரைக் கட்டிக்கொண்டே போனது. ஆனால் பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் ஒரு கல்லைக்கூட வைக்கவில்லை. ஊர் நாலா பக்கமும் வளர்ந்து நெரிய, அந்த இடம் மட்டும் மொட்டையாகக் கிடந்தது. சித்தி ஒரு நாள் ஏன் என்று கேட்டதற்கு, "அம்மாவோடது அங்கதானே வந்து உக்காரணும்?" என்றது. இரண்டும் சேராது என்று அப்போதே சொல்லியிருக்க வேண்டும். ஊருக்கெல்லாம் வெட்டிப் பேசுகிறவளுக்கு அன்றைக்கு வாய் வரவில்லை. தோசை கருகுது என்று சொல்லி அடுப்படிக்குப் போய்விட்டாள். அடுப்பில் அப்போது தோசையே இல்லை.

வருஷம் திரும்பிய பிறகு வாண்டு நேராக அப்பாவிடமே போய் நின்றது. "பீரோவ தொறங்கப்பா. அம்மா போன் வேணும்." மாமா சாவியை எடுத்து மகளிடம் தரவில்லை, மச்சினியிடம் தந்தார். "நீயே பாரும்மா. இதெல்லாம் உனக்குத்தான் தெரியும்" என்று சொல்லிவிட்டு, லீவு நாளிலும் வேலைக்குக் கிளம்பிப் போனார்.

வாண்டு ஸ்கூலில் இருந்த ஒரு பகலில் அவள் லீவு போட்டுவிட்டு உட்கார்ந்தாள். சார்ஜ் ஏற்றினாள். யாருக்கு எழுதினாலும் அவள் முதல் வரியாக எழுதுவது இதுதான்: நெட்டை அணைத்துவிட்டுத் திறங்கள். வீட்டு வைஃபை ஞாபகம் வைத்திருக்கும் போன் அது. நெட்டோடு திறந்துவிட்டு, அவசரத்தில் கை தவறிவிட்டால் அக்காவுடைய ஊர் அவ்வளவுதான். மாடத்தில் இருந்த வைஃபை பெட்டியின் வயரையே பிடுங்கிப் போட்டாள். அக்காவின் பூட்டு எண் மகளின் பிறந்தநாள். விளையாட்டைத் திறந்தாள்.

பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் வெறும் புல்.

குளம் இல்லை. மரம் இல்லை. படகு, விளக்கு எதுவும் இல்லை. இது ஏதோ கோளாறு என்றுதான் அவளுக்கு முதலில் தோன்றியது, வேலை அப்படிப் பழக்கியிருந்தது. போனில் இடம் தீர்ந்து சேவ் ஆகாமல் போயிருக்குமோ என்று பார்த்தாள். இடம் தாராளமாக இருந்தது. வேறு கணக்கில் புகுந்து ஆடியிருப்பாளோ என்று பார்த்தாள். ஒரே கணக்குதான். பழைய சேவ் ஒன்றைப் பத்திரத்துக்கு ஒதுக்கி வைக்கும் மூலை ஒன்று உண்டு, அங்கேயும் நுழைந்து பார்த்தாள். போன் கடிகாரம் தப்பாக ஓடுகிறதா என்றும் பார்த்தாள். எல்லா இடத்திலும் ஒரே தேதி. ஆஸ்பத்திரியில் சேர்வதற்கு முந்தின நாள். அதற்குப் பிறகு அக்கா அந்த விளையாட்டைத் திறக்கவே இல்லை.

எப்படித் திறந்திருப்பாள்? ஊசி ஏறி ஏறி வீங்கிய கைகள் அவை. கரண்டி பிடிக்க முடியாமல் இவள்தான் ஊட்டிவிட்டாள். அதைப் பார்த்துக்கொண்டே இருந்தும், குளம் கட்டினேன், படகு விட்டேன் என்று அக்கா சொன்னதை இவளும் நம்பியிருக்கிறாள். இருபது வருஷம் கூடப் படுத்துத் தூங்கியவளின் பொய் இவளுக்கே பிடிபடவில்லை. சமையலறைத் தரையில் உட்கார்ந்து, வாயைப் பொத்திக்கொள்ளாமல், சத்தமாக அழுதாள்.

மாமா வந்ததும் சொன்னாள். அவர் செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலிலேயே நின்று கேட்டார். பிறகு, "நீ கட்டிடேன்" என்றார்.

"என்ன மாமா?"

"அந்தக் குளத்த. உனக்கு என்ன, ரெண்டு நிமிஷ வேலை. அம்மா கட்டினதுன்னு சொல்லிடலாம். பாவம்மா, அது ஒரு வருஷமா காத்துக்கிட்டு இருக்கு."

ரெண்டு நிமிஷ வேலைதான். அதற்கு மேலும் அவளுக்குத் தெரியும். போனின் தேதியைப் பின்னால் தள்ளி வைத்துவிட்டு ஆடினால், சேவ் அந்தத் தேதியில்தான் பதிவாகும். அப்படித் தில்லுமுல்லு செய்கிறவர்களைப் பிடிப்பதும் அவள் வேலைதான். மறுநாள் ஆபீசுக்குப் போகும் முன் தேதியைத் தள்ளினாள். குளத்தை எடுத்துப் பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் வைத்தாள். சுற்றிலும் மரம் வைத்தாள். அச்சு அசலாக இருந்தது, அக்காவே எழுந்து வந்து கட்டியிருந்தாலும் இப்படித்தான் இருந்திருக்கும். அப்போது மேலே ஓடிக்கொண்டிருந்த தேதி கண்ணில் பட்டது. கண்ணை மூடிக்கொண்டு ஏதோ ஒரு தேதிக்குத் தள்ளியிருந்தாள். அக்காவுக்கு இரண்டாவது ஆபரேஷன் நடந்த நாள் அது. பகல் முழுக்க நினைவில்லாமல் கிடந்து, சாயங்காலம் கண் விழித்து, போன் பண்ணணும் என்று அடம் பிடித்த நாள்.

அன்றைக்குக் குளம் கட்டினாள் என்று சொன்னால், அன்றைக்கு அக்கா பட்டது என்ன ஆவது? அவளுக்குக் கோபம் வந்தது, தன் மேலேயே வந்தது. மரங்களையும் குளத்தையும் ஒவ்வொன்றாக எடுத்துவிட்டு, தேதியைச் சரியாக வைத்தாள்.

ஞாயிற்றுக்கிழமை காலை வாண்டைச் சாப்பாட்டு மேஜையில் உட்காரவைத்தாள். வைஃபை வயரை மறுபடியும் பிடுங்கிவிட்டு வந்து போனை நடுவில் வைத்தாள்.

"வாண்டு, அம்மா போன்ல பாத்துட்டேன். குளம் இல்ல."

"அழிஞ்சிடுச்சா?"

"அழியல. அம்மா கட்டவே இல்ல."

வாண்டு போனை எடுத்துத் தானே பார்த்தது. பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் போய்ப் பார்த்தது, முன்னால் வந்து பார்த்தது. "படகு?"

"அதுவும் இல்ல. ஆஸ்பத்திரி போனதிலேருந்து அம்மா இத தொறக்கவே இல்லடா."

"அப்ப எங்கிட்ட பொய் சொன்னாங்களா?"

"ஆமா."

பிள்ளையின் முகம் சிவந்துவிட்டது. "தெனமும் சொன்னாங்களே சித்தி. வெளக்கு மஞ்சள் கலர்னுகூட சொன்னாங்களே. அப்ப அங்க என்னதான் பண்ணிக்கிட்டு இருந்தாங்க?"

கத்தரிக்கோலுக்கு அந்தக் கணம் இனிக்கப் பேசத் தெரிந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். தெரியாது. தெரிந்ததைச் சொன்னாள். "படுத்திருந்தா. ரொம்ப வலி. கைய மடக்க முடியாது, போனெல்லாம் பிடிக்கவே முடியாது. நர்ஸ் மேஜை அந்தக் கோடியில இருந்துச்சு. சாயங்காலம் ஆனா செவுத்தப் பிடிச்சுக்கிட்டு அது வரைக்கும் நடந்து வருவா. நான் தூக்கிட்டுப் போறேன்னா விடமாட்டா. நர்ஸ்தான் ரிசீவர காதுல வச்சுப் பிடிச்சுக்குவாங்க. உங்கிட்ட பேசி முடிச்சதும் அங்கயே உக்காந்துடுவா. திரும்பி நடக்கத் தெம்பு இருக்காது."

"எனக்கு யாரும் சொல்லல" என்றது வாண்டு.

"சொல்லல. சொல்லியிருக்கணும்."

அப்போதுதான் அது அழுதது. குளத்துக்காக இல்லை என்பது பார்த்தாலே தெரிந்தது. சித்தியின் மடியில் முகத்தைப் புதைத்துக்கொண்டு, வலிச்சுதா, ரொம்ப வலிச்சுதா என்று கேட்டுக்கொண்டே அழுதது. ஒவ்வொரு தடவையும் ஆமா என்றாள் அவள்.

அழுது ஓய்ந்து மூக்கைத் துடைத்துக்கொண்டு, "இப்ப நெட் போட்டா என்ன ஆகும்?" என்று கேட்டது.

ஒரு வருஷம் சொல்லாததை அவள் அப்போது சொன்னாள். "ரெண்டும் சேராது. எது வேணும்னு கேக்கும். கிளவுட்ல இருக்கறது நீ கட்டினது. இந்த போன்ல இருக்கறது அம்மாவும் நீயும் சேந்து முன்ன கட்டினது. கிளவுட தொட்டா இது போயிடும், திரும்ப வராது. அவசரமே இல்ல. நெட் போடாம இப்படியே வச்சுக்கலாம், உனக்கு எப்பத் தோணுதோ எடுத்துப் பாத்துக்கலாம்."

வாண்டு யோசித்தது. "கிளவுட தொட்டா என் ஊரு அம்மா போன்ல வருமா?"

"வரும்."

"முழுசாவா?"

"முழுசா."

அதுவே எழுந்து போய் வைஃபை வயரைச் சொருகியது. இரண்டில் எது வேண்டும் என்று திரை கேட்டது. வாண்டு கிளவுடைத் தொட்டது. நிச்சயமா, மற்றது அழிந்துவிடும் என்று திரை மறுபடியும் கேட்டது. வாண்டு ஆம் என்பதைத் தொட்டது. பழைய ஊர் போனது. கொஞ்ச நேரம் ஒன்றும் இல்லை. பிறகு அந்தச் சின்னத் திரையில், ஓரத்தில் லேசாகக் கீறல் விழுந்த அக்காவின் திரையில், அக்கா பார்த்தே இராத ஊர் ஒன்று வந்து நிறைந்தது.

வாண்டு போனை இரண்டு கையாலும் முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டது. விரலால் மெதுவாகத் தள்ளித் தள்ளிக் காட்டியது, பக்கத்தில் யாரோ குனிந்து பார்ப்பது போல. "இது பஸ் ஸ்டாண்டும்மா. முதல்ல அந்தப் பக்கம் இருந்துச்சு, நெரிசல்னு மாத்திட்டேன். இது லைப்ரரி. இது ரயில். இதெல்லாம் நீ போனதுக்கப்புறம் கட்டினது."

மாமா அறையிலிருந்து வந்து கதவருகே நின்றார். எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்று அவளுக்குத் தெரியவில்லை. ஊர் பெரிது, வாண்டு ஒரு தெருவையும் விடவில்லை. சார்ஜ் குறைகிறது என்று போன் கத்தியது. மாமா உள்ளே போய், பீரோவில் இருந்த பையிலிருந்து அக்காவின் சார்ஜரை எடுத்துவந்து, மகள் காட்டுவதை நிறுத்தாமல் இருக்கும்படி போனில் மெல்லச் சொருகினார்.