ஷோர்த்தீனோ என்ற பேருக்குள் ஒரு பொலிஸ்காரன்

மகேந்திரராசா எவரையும் நம்பாதவர். ஆனால் எவர் சொன்னதையும் நம்பிவிடுவார். இந்த இரண்டு குணமும் சேர்ந்துதான் தொண்ணூற்றாறாம் ஆண்டு பங்குனி மாதம் பலெர்மோவில் அவருடைய நித்திரையைக் கெடுத்தன.

யாழ்ப்பாணத்தில் தபாற்கந்தோர் லிகிதராக இருந்தவர். இங்கே ஓய்வுபெற்ற வாத்தியார் ஒருவர் வீட்டில் நிலம் துடைத்து, புத்தகங்களுக்குத் தூசு தட்டினார். நாலு வருசமாக விசா இல்லை. அந்த மாரியில் அரசாங்கம் ஒரு வழி திறந்திருந்தது: வேலை கொடுப்பவர் விண்ணப்பத்தில் ஒப்பமிட்டு, பங்குனி முடிவதற்குள் கொஸ்தூராவில், அதாவது பொலிஸ் தலைமையகத்தில், கொடுத்தால் பெர்மெஸ்ஸோ என்ற வதிவிட அனுமதி கிடைக்கும். வாத்தியார் தானே கூட வருவதாகச் சொன்னார். கேளாமல் உதவி செய்கிற மனிதர் என்றாலே மகேந்திரராசாவுக்கு உதறல்.

போதாக்குறைக்கு வாத்தியார் ஒருநாள் கோப்பி குடித்தபடி தன் குடும்பப் பேரின் கதையை எடுத்துவிட்டார்.

"ஷோர்த்தீனோ அரபுச் சொல்லிலிருந்து வந்தது. ஷுர்தி என்றால் காவல்காரன், பொலிஸ்காரன். அரபுக்காரர் சிசிலியை ஆண்ட காலத்தில் என் முப்பாட்டன் எவனோ தடியோடு தெருக் காவல் செய்திருப்பான்."

பெருமையாகச் சிரித்தார். பிறகு பேனாவைத் திறந்து, "உன் பாஸ்போர்ட்டைக் கொண்டுவா" என்றார்.

மகேந்திரராசா கொண்டுபோகவில்லை. சிநேகிதனிடம் இருக்கிறதென்று இரண்டு கிழமை இழுத்தார். ஊரில் விதானையார் வீடு என்று ஒன்று இருந்தது. ஊருக்குத் தலைவராகவும் அரசாங்கத்தின் கண்ணாகவும் இருந்த அந்த விதானை உத்தியோகம் பாட்டனோடு போய்விட்டது. பேரன் சைக்கிள் திருத்தினான். ஆனாலும் ஊர்ப் பெடியளின் பேர்ப்பட்டியல் அந்த வீட்டிலிருந்துதான் இராணுவ முகாமுக்குப் போனது. அந்தப் பட்டியலால் மகேந்திரராசா எட்டு மாதம் முகாமுக்குள் இருந்தார். உத்தியோகம் போனாலும் பேர் போகாது, பேர் இருந்தால் பழக்கமும் இருக்கும் என்று அங்கேதான் முடிவுகட்டினார்.

பலெர்மோவின் சீசா பகுதியில் அவரோடு ஒரே அறையில் இருந்த தனேஸ் இதைக் கேட்டுவிட்டுச் சோற்றுக் கோப்பையைக் கீழே வைத்தான்.

"அண்ணை, உங்கடை பேர் மகேந்திரராசா. எந்த ராச்சியத்தை ஆளுறியள்?"

"அது அம்மா வைச்ச பேர். இது பரம்பரைப் பேர்."

"ஓம், ஆயிரம் வருசமா ஒருத்தர் மாறி ஒருத்தர் உங்களைப் பிடிக்கத்தான் காத்துக்கொண்டு இருந்தவை. பங்குனி முடிய இன்னும் மூண்டு நாள். பிறகு உங்களைப் பிடிக்க வாத்தியார் தேவையில்லை, ஆரும் பிடிக்கலாம்."

அடுத்த நாள் கொஸ்தூராவுக்குப் போனார். ஆனால் வாத்தியாரோடு சேர்ந்து நிற்கவில்லை. வரிசையில் பத்துப் பேர் தள்ளி நின்று, கிழவர் எந்தப் பொலிஸ்காரனோடு கண்ணால் கதைக்கிறார் என்று பார்த்தார். கண்டது வேறு. வாசலில் இளம் பொலிஸ்காரன் ஒருவன் அடையாள அட்டை கேட்டதும் ஷோர்த்தீனோ கோட்டுப் பைகளையெல்லாம் தடவி, அட்டையை நிலத்தில் போட்டு, மன்னிப்பும் கேட்டார்.

"யாருக்காக வந்தீர்கள்?"

"என்னோடு ஒருவர் வந்தார்..." கிழவர் திரும்பித் திரும்பிப் பார்த்தார்.

ஆள் இல்லாவிட்டால் வீட்டுக்குப் போகச் சொல்லிப் பொலிஸ்காரன் வெளியே கைகாட்டினான். மகேந்திரராசா ஆட்களை விலக்கிக்கொண்டு முன்னுக்குப் போனார். அட்டையை எடுத்துக் கொடுத்து, "நான்தான்" என்று பாஸ்போர்ட்டை நீட்டினார். சிசிலியில் ஒரு பொலிஸ்காரன் கையில் அவர் கொடுத்த முதல் கடதாசி அது.

மத்தியானம் விண்ணப்பத்தை ஏற்றதற்கு முத்திரை குத்திய துண்டு கிடைத்தது. வெளியே வந்த வாத்தியார் வேர்வை துடைத்தபடி, பொலிஸ் உடுப்பைக் கண்டால் சின்ன வயதிலிருந்தே தனக்குப் பயம் என்றார். மகேந்திரராசா அனுதாபமாகத் தலையாட்டினார். பஸ்ஸில் ஏறிய பிறகுதான் யோசனை வந்தது: இப்படிப் பயப்படுகிறதற்கு இந்த மனிசன் என்ன செய்திருப்பார்?