கேட் திறக்கும்வரை

செய்தி வந்தபோது நான் திண்டிவனத்துக் கடையில் ஒரு வளைகாப்பு வீடியோவுக்குப் பாட்டு சேர்த்துக்கொண்டிருந்தேன். போனில் குமரவேல் அண்ணன். "உங்க அக்கா போயிட்டாடா. நெஞ்சு வலிக்குதுன்னா, அவ்ளோதான்." அவர் மனைவி செல்வராணி அக்காவும் நானும் ஒரே கடையில் கல்யாண வீடியோ எடிட் செய்தவர்கள். எனக்கு அழுகை வரவில்லை. கோபம்தான் வந்தது. இன்னும் போகவில்லை.

அக்கா சொந்தமாக எடுத்தது ஒரே ஒரு குறும்படம். ரயில்வே கேட் மூடியிருக்கிறது. காத்து நிற்பவர்களிடம் ஓர் அட்டையை நீட்டுகிறார்: 'நேத்து இந்நேரம் என்ன பண்ணீங்க?' யாருக்கும் நினைவில்லை. மல்லாட்டை மூட்டையோடு நின்ற கடலை வியாபாரி ஒருவர் "நேத்தா?" என்று வானத்தைப் பார்க்கிறார், பார்த்துக்கொண்டே இருக்கிறார். ரயில் வரும்வரை கேமரா அசையாது.

விழுப்புரத்தில் குறும்பட விழா நடத்தும் குழு அதைத் தள்ளிவிட்டது. "ஒண்ணுமே நடக்கலையேம்மா, கொஞ்சம் சுருக்கக் கூடாதா?" என்றார் தலைவர். "நேரம் போய்க்கினு இருக்குதே, அதுதாங்க நடக்குது" என்றார் அக்கா. வெளியே வந்ததும் என்னிடம், "வெட்டுறதெல்லாம் கல்யாண வீடியோவோட வெச்சுக்கோ. இதுல எவனாவது கை வெச்சா பேஜாராயிடும்" என்றார்.

அதே குழுதான் போன வாரம் அஞ்சலிக் கூட்டம் போட்டது. ஆளுயர பேனரில் 'மண்ணின் மகத்தான படைப்பாளி'. அடப்பாவிகளா, உயிரோடு இருந்தபோது தெரியலையா? பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். படத்தைப் போட்டார்கள். காத்திருப்பு மொத்தத்தையும் வெட்டி, சோக வயலினை ஊற்றி வைத்திருந்தார்கள். கேட் மூடியதுமே ரயில் வந்துவிட்டது. கைதட்டல் வேறு!

முன்வரிசையில் குமரவேல் அண்ணன் எழுந்து நின்றார். "அவ பேசுறது எங்க?"

முழுப் படம் பார்த்தவர்களுக்குத் தெரியும். ரயில் வருவதற்குச் சற்றுமுன், மரக்காணத்து மீன்கார அம்மா அட்டையைத் தள்ளிவிட்டு, "நீ என்னாம்மா பண்ணிக்கினு இருந்த?" என்று திருப்பிக் கேட்பார். "நானா? ஐயையோ, ஞாபகம் இல்லீங்களே!" என்று கேமராவுக்குப் பின்னாலிருந்து அக்கா சிரிப்பார். ஊரார் கல்யாணத்தையெல்லாம் எடிட் செய்தவரின் குரல் பதிவாகியிருப்பது அந்த ஓர் இடத்தில்தான்.

மேடையேறி மைக்கைப் பிடுங்கினேன். "யோவ், போனவங்க குரலையும் வெட்டிட்டீங்களேய்யா!"

என் பென்டிரைவிலிருந்த முழுப் படத்தைப் போட வைத்தேன். கூட்டம் நெளிந்தது. தலைவர் கடிகாரத்தைப் பார்த்தார். பார்க்கட்டும் என்று நின்றேன். கடைசியில் அக்கா சிரித்தார். அண்ணன் துண்டால் முகத்தை மூடிக்கொண்டார்.

அந்தப் பென்டிரைவை அண்ணன் கையிலேயே கொடுத்துவிட்டேன். அக்காவுடைய கோபத்தை மட்டும் நான் வைத்துக்கொண்டேன். இனி எவனாவது 'கொஞ்சம் சுருக்கு' என்று என்னிடம் வரட்டும்.