மீட்டர் பார்க்க வந்தவர் படித்த புத்தகங்கள்

யார் வீட்டுக்குப் போனாலும் மாமாவின் தலை முதலில் வலது பக்கம் சாயும். அலமாரியில் நிற்கும் புத்தகங்களின் முதுகில் உள்ள பெயர்களைப் படிப்பதற்காக. சின்ன வயதில் அவருக்குக் கழுத்துச் சுளுக்கு என்று நினைத்திருந்தேன். துக்க வீட்டில்கூட, அழுதுகொண்டிருந்தவரின் கையைப் பிடித்தபடியே தலையைச் சாய்த்ததைப் பார்த்திருக்கிறேன். அம்மா பின்னாலிருந்து அவர் முதுகில் ஒரு குத்துவிட்டாள்.

மாமா அம்மாவின் தம்பி. எங்களோடுதான் இருந்தார், வாசலை ஒட்டிய அறையில். நீர் வழங்கல் அலுவலகத்தில் மீட்டர் ரீடிங் எடுப்பது அவர் வேலை. இரண்டு மாதத்துக்கு ஒருமுறை இருநூற்றுப் பன்னிரண்டு வீடுகளுக்குப் போவார், மீட்டரின் மூடியைத் துடைத்து எண்ணைக் குறித்துக்கொள்வார். பெரும்பாலான வீடுகளில் மீட்டர் உள்ளே, மாடிப்படிக்கு அடியிலோ குளியலறைக்குப் பக்கத்திலோ இருக்கும். போகிற வழியில் அலமாரி இருந்தால் தலை சாயும். "இதைப் படிச்சுட்டு அடுத்த ரீடிங்குக்குத் தரட்டுமா?" என்பார். யாரும் இல்லை என்று சொன்னதில்லை. பில் கொண்டுவருகிற ஆள் புத்தகம் கேட்டால் யாருக்குத்தான் மறுக்கத் தோன்றும்?

இப்படியாக ஒவ்வொரு தெருவும் அவருக்கு ஒரு வகைப் புத்தகமாக ஆகிப்போனது. முதல் தெருவில் கொலை அதிகம். பல் டாக்டர் வீடு இருந்த தெருவில் வாழ்க்கை வரலாறுகள். இரட்டைக் குழந்தைகள் இருந்த வீட்டில் விண்வெளி. தையல் கடைக்கார அம்மா வீட்டில் காதல், அதுவும் பிரிந்து சேருகிற காதல்தான். சேராததை அந்த அம்மா வாங்குவதில்லை. "இந்த மாசம் மூணு கொலை, ஒரு கல்யாணம், ஒரு விஞ்ஞானி" என்று மாமா அம்மாவிடம் கணக்குச் சொல்வார். "இருக்கிற வீட்டுக்கு ஒரு பல்பு வாங்கிப் போட ஆள் இல்லை" என்பாள் அம்மா.

அவரிடம் ஒரு நோட்டு இருந்தது. தேதி, வீட்டு எண், புத்தகம், அதைப் பற்றி ஒரே ஒரு வரி. பாலம் கட்டிய ஒரு பொறியாளரின் வரலாற்றுக்கு எதிரே, "பாலம் நன்று. ஆள் சரியில்லை" என்று எழுதியிருந்தார். லிஃப்டில் பேய் வரும் கதைக்கு, "பேய்க்கு வேறு வேலை இல்லை." ஒரு பாடகியின் சுயசரிதைக்கு, "கணவரை மன்னித்ததாகச் சொல்கிறார். நம்பவில்லை."

இந்த இடத்தில் என்னைப் பற்றியும் சொல்லவேண்டும். எங்கள் குடும்பத்தில் கல்லூரிப் படியை முதலில் மிதித்தவள் நான். படித்தது இலக்கியம். ஆறு பருவத்தில் இருபத்து நான்கு நாவல்களைப் பற்றிப் பரீட்சை எழுதி முதல் வகுப்பில் தேறினேன். அவற்றில் முழுதாகப் படித்தது ஒன்று. அதுவும் மெலிசாக இருந்ததால். மற்றதெல்லாம் கைடு. மாமாவுக்கு இது தெரியாது. தான் படித்த கதையில் எங்காவது இடித்தால் நேராக என்னிடம்தான் வருவார்.

"ஏம்மா பட்டதாரி, இந்தக் கதையில அந்தம்மா கடைசி வரைக்கும் ஜன்னலைத் திறக்கவே இல்லையே. ஏன்?"

"அது ஒரு குறியீடு மாமா."

"எதுக்கு?"

"அது... வாசகர்தான் யோசிக்கணும்."

"சரி, உனக்கும் தெரியாது. அதைச் சொல்லு முதல்ல."

நான் பட்டம் வாங்கி ஒன்பதாவது மாதம், வேலை தேடுகிறேன் என்ற பெயரில் கட்டிலில் படுத்திருந்தபோது, மாமாவுக்கு மெமோ வந்தது. யாரோ புகார் கொடுத்திருந்தார்கள். ஊழியர் வீடுவீடாகப் பொருள் வாங்குகிறார், கொடுக்கிற வீடுகளில் ரீடிங்கைக் குறைத்து எழுதுகிறாரோ என்று சந்தேகம், விசாரிக்கவும். ஒரு வாரத்துக்குள் எழுத்துமூலம் விளக்கம் தரவேண்டும், தவறினால் பணிநீக்கம். ஓய்வுபெற அவருக்கு இன்னும் மூன்று வருடம்தான் இருந்தது. வேலை போனால் ஓய்வூதியமும் போகும். வீட்டு வாடகையில் பாதி மாமாவுடையது, என் கல்லூரிக் கடனின் தவணையும் அவருடையது. அம்மாவின் முகத்தில் ஈயாடவில்லை.

"நீ படிச்சவதானே, நீயே எழுதிக் குடு" என்றாள்.

மாமா அதற்குள் ஒரு தாளில் எழுதியே வைத்திருந்தார். "படிக்க வாங்கினேன். படித்ததும் திருப்பிக் கொடுத்தேன். ரீடிங்கை மாற்றியதில்லை." அவ்வளவுதான். எனக்குச் சிரிப்பு வந்தது. இதை யாராவது மதிப்பார்களா? மூன்று வருடம் படித்ததை இப்போது காட்டாமல் எப்போது காட்டுவது? உட்கார்ந்து இரண்டரைப் பக்கம் தீட்டினேன். அறிவுத் தாகம், மானுட மேன்மை, நூல்களெனும் ஒளி, எல்லாம் போட்டேன். "பணி நிமித்தம் நுழைந்த இல்லங்களில் நூல்களைப் பெற்றுக்கொண்டேன் என்பதைப் பெருமையுடன் ஒப்புக்கொள்கிறேன்" என்ற வரியை எழுதியபோது எனக்கே புல்லரித்தது.

மாமா படித்துவிட்டு, "நல்லா இருக்கு. ஆனா நான் பேசுற மாதிரி இல்லியே" என்றார்.

"ஆபீஸ்ல இப்படித்தான் எழுதணும் மாமா." ஆபீஸ் எந்தப் பக்கம் இருக்கிறது என்றுகூட எனக்குத் தெரியாது.

விசாரணைக்கு நானும் போனேன், துணைக்கு. வராந்தா பெஞ்சில் உட்கார்ந்து, கடிதத்தைப் பாராட்டினால் எப்படித் தலை குனிந்துகொள்வது என்று யோசித்துக்கொண்டிருந்தேன். உள்ளே இருந்தவர் புதிதாக வந்திருந்த பெண் அதிகாரி. கதவு திறந்தே இருந்தது.

"பெருமையுடன் ஒப்புக்கொள்கிறேன்னு நீங்களே எழுதியிருக்கீங்க. அப்புறம் நான் என்ன விசாரிக்க?"

"நான் எழுதல மேடம். என் அக்கா பொண்ணு எழுதினது. பட்டதாரி."

"தெரியுது" என்றார் அதிகாரி. "எங்க அவங்க?"

உள்ளே போனேன். என் கடிதம் மேசைமேல் இருந்தது. எனக்குப் புல்லரித்த அதே வரிக்குக் கீழே சிவப்பு மையில் இரண்டு கோடு.

"ஏம்மா, உங்க மாமாவைக் காப்பாத்த எழுதினீங்களா, மாட்டிவிட எழுதினீங்களா?"

கைடில் இதற்கு விடை இல்லை. நான் என் செருப்பைப் பார்த்தேன். மாமாதான் பையிலிருந்து நோட்டை எடுத்து அவர் முன் வைத்தார். "எந்தத் தேதி, எந்த வீடு, எல்லாம் இதுல இருக்கு மேடம். ரீடிங் கார்டோட ஒத்துப் பாத்துக்கங்க."

அதிகாரி கார்டுக்கட்டுகளை வரவழைத்து ஒவ்வொன்றாக ஒத்துப் பார்த்தார். புத்தகம் கொடுத்த எந்த வீட்டிலும் ரீடிங் குறையவில்லை. தையல் கடைக்கார அம்மா வீட்டில் கூடியிருந்தது. முக்கால் மணி நேரம் ஆயிற்று. கொஞ்ச நேரம் கழித்து அவர் கார்டுகளை விட்டுவிட்டு நோட்டை மட்டும் புரட்டிக்கொண்டிருப்பதைக் கவனித்தேன். ஒரு இடத்தில் சிரித்துவிட்டு உடனே இருமினார்.

"இந்த லிஃப்ட் பேய் எந்த வீட்ல இருக்கு?"

"சொன்னா நீங்க போய் வாங்குவீங்க. அதுக்கும் புகார் வரும் மேடம்."

வேலை தப்பியது. எச்சரிக்கை மட்டும் பதிவானது. இனிப் பணிக்குப் போகிற வீட்டில் எதையும் கேட்டு வாங்கக்கூடாது, கையில் இருப்பதை ஒரு வாரத்தில் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும். வெளியே வந்ததும் மாமா என்னைத் திட்டவில்லை. திட்டியிருக்கலாம். "டீ குடிக்கலாமா?" என்றார். குடித்தோம். காசு அவர்தான் கொடுத்தார்.

கையில் பதினோரு புத்தகங்கள் இருந்தன. பிராயச்சித்தமாக நான் தூக்கிக்கொண்டு கூடவே போனேன். எல்லாவற்றையும் கொடுத்து முடித்த பிறகு, புகார் எழுதியவரைப் பார்க்கவேண்டும் என்றார் மாமா. விசாரணையில் காட்டிய புகாரில் கையெழுத்தும் வீட்டு எண்ணும் இருந்தன. நாற்பத்தொன்று. "சண்டை வேண்டாம் மாமா" என்றேன். "சண்டைக்கு இல்ல. ஏன்னு தெரியணும்ல" என்றார்.

கேட்டைத் திறந்தவர் வேலையிலிருந்து ஓய்வுபெற்றவர், ஒல்லியான ஆள், சட்டையின் மேல் பொத்தான்வரை போட்டிருந்தார். லாரிகளை எடைபோடும் மேடையில் முப்பத்து நான்கு வருடம் குமாஸ்தாவாக இருந்தவர். மாமாவைக் கண்டதும் கொஞ்சம் பின்வாங்கினார். பிறகு அவரே ஆரம்பித்தார்.

"இருபத்திரண்டு வருஷமா வர்றீங்க. எதிர் வீட்ல வாங்குறீங்க, பக்கத்து வீட்ல வாங்குறீங்க. என்கிட்ட ஒரு தடவை, ஒரே ஒரு தடவை கேட்டிருக்கீங்களா?"

மாமா விழித்தார். "உங்க மீட்டர் கேட்டுக்கு வெளியில இருக்கு சார். உள்ள வர எனக்கு வேலையே இல்லியே."

அவர் சுவரில் இருந்த மீட்டரைப் பார்த்தார். இருபத்திரண்டு வருடத்தில் முதல்முறையாகப் பார்ப்பதுபோல் பார்த்தார். உள்ளே போனார். திரும்பி வந்தபோது கையில் கம்பிச்சுருள் போட்டுக் கட்டிய ஒரு தடிமனான கட்டு. சுத்தமாகத் தட்டச்சு செய்த தாள்கள். அவருடைய வாழ்க்கை வரலாறு. அறுநூற்றுப் பன்னிரண்டு பக்கம்.

"யாரும் படிச்சதில்லை. பையன் பத்து பக்கம் பாத்துட்டு வெச்சுட்டான்."

"வாங்கக்கூடாதுன்னு உத்தரவு சார்."

"கேட்டு வாங்கக்கூடாதுன்னுதானே? நானா குடுக்குறேன். புகார் குடுக்கவும் இந்த வீட்டை விட்டா ஆள் இல்ல."

மாமா சிரித்துவிட்டார். "படிச்சா ஒரு வரிதான் சொல்வேன். உள்ளதைத்தான் சொல்வேன்."

"அதுதான் வேணும்" என்றார் எடைக்காரர்.

பேய்க்கதையை இரண்டு நாளில் முடிக்கிற மாமா இதை முடித்ததாகச் சொல்லவே இல்லை. ஒவ்வொரு ரீடிங்குக்கும் எடைக்காரர் கேட்டிலேயே காத்திருப்பார். "ஆச்சா?" "ஓடிக்கிட்டிருக்கு சார்." நான்கு முறை இதே பதில். உண்மையில் மாமா அதை முதல் மாதத்திலேயே முடித்துவிட்டிருந்தார். கடைசிப் பக்கத்தைப் புரட்டுவதை நானே பார்த்தேன். அப்புறம் மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தார்.

"எப்படி இருக்கு மாமா?"

"உலகத்துல பெரிய ஆளுங்களை எல்லாம் ஒரு வரியில முடிச்சுட்டேன். இவரு நாளைக்கும் கேட்ல நிப்பாரேம்மா."

ஐந்தாவது ரீடிங்குக்கு அவர் போகவில்லை. காலையில் குளித்துவிட்டு வந்து உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை. மாரடைப்பு. பணியில் இருக்கும்போதே போனதால் அம்மாவுக்குச் சேரவேண்டியது முறைப்படி வந்தது. அவர் அறையை ஒழித்தபோது நோட்டை எடுத்துப் பார்த்தேன். வீட்டு எண் 41. சொந்த வாழ்க்கை. 612 பக்கம். அதற்கு எதிரே வெற்றிடம். ஓரத்தில் எதையோ எழுதி ரப்பரால் அழித்த தடம், வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாலும் படிக்க முடியவில்லை.

நான் அந்தக் கட்டை எடுத்துப் படிக்க ஆரம்பித்தேன். கைடு கிடையாது. முதல் நூற்றைம்பது பக்கம் லாரி எண்களும் டன்களும். எத்தனையோ முறை மூடி வைத்தேன். ஆனால் ஒரு இடத்தில், மனைவி பிரசவத்தில் இருந்தபோது, போக அனுமதி கிடைக்காமல் அன்று எடைபோட்ட பதினேழு லாரிகளையும் வரிசையாக எழுதியிருக்கிறார். வேறு ஒரு வார்த்தை இல்லை. அந்தப் பக்கத்தில் நான் நிறைய நேரம் இருந்தேன். ஆறு வாரத்தில் முடித்தேன். என் வாழ்க்கையிலேயே முழுதாகப் படித்த பெரிய புத்தகம் அதுதான் என்பதைச் சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது.

போன வாரம் அதைத் திருப்பிக் கொடுக்கப் போனேன். சொல்லவேண்டியதை வழியெல்லாம் மனதுக்குள் அடித்துத் திருத்தி ஒரு வரியாக்கி வைத்திருந்தேன். மாமா இறந்த செய்தி தெரிந்தும் எடைக்காரர் கேட்டில் நின்றார்.

"நான் படிச்சேன் சார்" என்று ஆரம்பித்தேன்.

கையைக் காட்டி நிறுத்தினார். "அவர் என்ன சொன்னார்?"

"அருமை" என்று சொல்லியிருக்கலாம். அப்படி அள்ளிவிடுவதில் எனக்கு முதல் வகுப்பு. நாக்கு நுனிவரை வந்தது. "ஒண்ணும் சொல்லல சார். எழுதவும் இல்ல. ரெண்டு தடவை படிச்சார்."

"ரெண்டு தடவையா?"

"ஆமா."

நான் கட்டை நீட்டினேன். அவர் வாங்கவில்லை.

"நீங்க படிச்ச பொண்ணு, நல்லாவே சொல்லுவீங்க. ஆனா சொல்றேன்னு சொன்னது அவர்தானே. அவர் சொல்லாத அந்த ஒரு வரி அப்படியே இருக்கட்டும்மா" என்று சொல்லிவிட்டு, கேட்டைச் சாத்தினார்.