நடுவில் துளையிட்ட தட்டு

வெள்ளிக்கிழமை காலை ஒன்பது மணிக்குக் குவெஸ்தூராவில் எனக்கு முறை இருந்தது. இத்தாலியின் சிசிலித் தீவில், பலெர்மோ நகரத்தில் வெளிநாட்டுக்காரர் இருப்பதா போவதா என்று முடிவு செய்யும் பொலிஸ் கந்தோர் அது. என் பெர்மெஸ்ஸோ, அதாவது வதிவிட அனுமதி, முடிய நாலு நாள்தான் இருந்தது. புதுப்பிக்க வேண்டுமானால் ‘இவர் என் வீட்டில் வேலை செய்கிறார்’ என்று முதலாளி கையெழுத்திட்ட கடிதம் வேண்டும். கடிதம் தட்டச்சாகி அவருடைய மேசையில் கிடந்தது. கையெழுத்து மட்டும் இல்லை.

“வியாழன் பின்னேரம் ரோமிலையிருந்து ஓராள் வாறார். அவர் போன பிறகு ஆறுதலா வைக்கிறன்” என்று சொல்லியிருந்தார். அவர் இத்தாலியனில் பேசியதை, எனக்குள் கேட்ட தமிழிலேயே எழுதுகிறேன்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. அதற்குமுன் நான் நாலு நாடுகளில் கோழி வெட்டினேன், கப்பலில் பெயின்ற் சுரண்டினேன், தோடம்பழம் பிடுங்கினேன். எதிலும் ஒரு வருடத்துக்கு மேல் நிலைக்கவில்லை. எட்டாம் வகுப்போடு படிப்பும் நின்றிருந்தது. பலெர்மோவின் லிபெர்த்தாத் தெருவில் அந்த வீட்டு வேலை கிடைத்தபோது நல்ல சாப்பாடு கிடைத்தது என்பதைத் தவிர வேறொன்றும் யோசிக்கவில்லை.

முதலாளி ஓய்வுபெற்ற எஞ்சினியர். மனைவி இறந்து தனியாக இருந்தார். குவாத்தமாலாவில் காட்டுக்குள் தெருப் போட்டவர். அங்கிருந்து கொண்டுவந்த பொருட்கள் வரவேற்பறை அலுமாரியில் இருந்தன. எல்லாம் மாயர்கள் என்ற பழைய சனத்தின் பொருட்கள். ஆயிரம் வருடத்துக்கு மேல் மண்ணுக்குள் கிடந்தவை என்பார். படம் தீட்டிய நீட்டுக் குவளைகள் மூன்று, கண்ணாடி போலக் கறுத்த கல்லில் உடைத்தெடுத்த கத்திகள், பச்சைக்கல் மணி, மூன்று கால் வைத்த ஒரு கல். அந்தக் கல்லைக் கண்ட அன்றே அம்மி என்று எனக்குத் தெரிந்துவிட்டது. சோளம் அரைத்தார்களாம். நடுப்பகுதி தேய்ந்து பள்ளமாக இருந்தது. ஒரு பெண்ணின் முழு ஆயுள் அதில் போயிருக்கும்.

அலுமாரியின் மேலடுக்கில் ஒரு மண் தட்டு. மூன்று சிறு கால்கள். இறகுத் தலைப்பாகையோடு ஒருவன் சிவப்பிலும் கறுப்பிலும் நடுவில் ஆடிக்கொண்டிருந்தான். விளிம்பைச் சுற்றிச் சதுரம் சதுரமாக எழுத்துகள். ரோமிலிருந்து வருபவர் அதை வாங்கத்தான் வருகிறார்.

வியாழன் காலை எஞ்சினியர் கோட்டைப் போட்டுக்கொண்டு, “அலுமாரியிலை இருக்கிற எல்லாத்தையும் வடிவாத் துப்புரவாக்கு” என்றார். பிறகு முடிவெட்டப் போய்விட்டார்.

வழக்கமாக நான் இறகுத் துடைப்பத்தால் தட்டுவதோடு சரி. அன்று ‘துப்புரவாக்கு’ என்றுவிட்டார். அந்தத் தட்டின் சுரசுரப்புக்குள் தூசி படிந்து துணிக்கு வராமல் நின்றது. மண் பாத்திரத்துக்குச் சவர்க்காரம் போடக்கூடாது, அது குடித்துவிடும் என்பது எங்கள் பக்கத்தில் குழந்தைக்கும் தெரியும். வெந்நீரில் ஊறவைக்க வேண்டும். ஊத்தை தானாகக் கழன்று வரும். ஒரு சிசிலிக்காரி என்றால் ஈரத் துணியால் ஒரு இழுவை இழுத்துவிட்டுப் போயிருப்பாள். நான் அக்கறையோடு குளியல் தொட்டியில் வெந்நீர் விட்டு, தட்டை அதில் இறக்கிவிட்டு, யன்னல் துடைக்கப் போனேன்.

திரும்பி வந்தபோது தண்ணீர் பால் போல வெளுத்திருந்தது. கையை விட்டுத் தூக்கினேன். ஆடிக்கொண்டிருந்தவனுக்கு வயிறும் ஒரு காலும் இல்லை. வயிறு இருந்த இடத்தில் பெருவிரல் போகுமளவுக்கு ஒரு துளை. தொட்டியின் அடியில் சேறாய் ஒரு வெள்ளைக் கட்டி கிடந்தது.

தொட்டி விளிம்பில் குந்தினேன். கடிதம் பக்கத்து அறையில் கிடந்தது. எஞ்சினியர் வர இரண்டு மணித்தியாலமாவது ஆகும். முடிவெட்டியபின் காப்பி குடித்துப் பேப்பர் படித்துவிட்டுத்தான் வருவார்.

தட்டைத் துவாயில் சுற்றி, மரக்கறிப் பைக்குள் வைத்து, பஸ் ஏறினேன். அப்படிச் செய்தது களவு என்பது பஸ் ஓடத் தொடங்கிய பிறகுதான் உறைத்தது. அடுத்த நிறுத்தத்தில் டிக்கற் பரிசோதிப்பவர் ஏறினார். டிக்கற் சரியாக இருந்தது. பை என்ன என்று அவர் கேட்கவில்லை. நான்தான் கேட்காமலே “சாப்பாடு” என்றேன். அவர் பையை ஒருமுறை பார்த்துவிட்டு அப்பால் போனார்.

வுச்சீரியாச் சந்தையில், மீன் கடைகளுக்குப் பின்னால், சுருவங்கள் எனும் தேவாலயச் சிலைகளைத் திருத்தும் சின்னப் பட்டறை ஒன்றில் என் அறைத் தோழர் வேலை செய்தார். மன்னார் வேதக்காரர், கத்தோலிக்கர், என்னைவிட ஆறு வயது மூப்பு. மூக்குடைந்த சூசையப்பர்களுக்கு ஜெஸ்ஸோ என்ற வெள்ளைச் சாந்தால் மூக்கு வைப்பார். துவாயை அவிழ்த்துக் காட்டினேன்.

“என்னடா இது?”

“ஊறப்போட்டன் அண்ணை.”

“ஊறப்போட்டனியோ? அடுத்த கிழமை அந்த மனுசனையும் ஊறப்போடு.”

“பகிடியை விடுங்கோ. மூடித் தருவியளா? அஞ்சு மணிக்கு ஆள் வருது.”

“மூடலாம். பெயின்ரும் அடிக்கலாம். மாதாவுக்கே கை வைச்சவன் நான்.” தட்டை வெளிச்சத்துக்குப் பிடித்துச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். நகத்தால் துளையின் ஓரத்தைச் சுரண்டினார். பிறகு கேலிக் குரல் போய்விட்டது.

“தம்பி, இது நீ உடைச்சதில்லை. இஞ்சை பார், உள்ளுக்கை சின்னத் துளை, அடியிலை அகலமாச் செதில் பெயர்ந்திருக்கு. மேலையிருந்து உளி வைச்சு அடிச்சிருக்கிறாங்கள். செதிலுக்குள்ளை பழைய மண் இறுகிக் கிடக்கு. மேலை பூசின சாந்துதான் புதுசு. நாங்கள் இஞ்சை குழைக்கிற அதே சாந்து. காலும் வயிறும் பிறகு கீறினது. அதுதான் தண்ணியிலை போச்சு, மற்றது போகேல்லை.”

அப்போதுதான் அந்தத் துளையைச் சரியாகப் பார்த்தேன். பதினாறு வயதில் அப்பாவுக்குக் கொள்ளிக் குடம் தூக்கியவன் நான். தோளில் தண்ணீர்க் குடத்தோடு சிதையைச் சுற்றிவர, ஒவ்வொரு சுற்றுக்கும் பின்னால் வந்தவர் கத்திமுனையால் குடத்தில் ஒரு கொத்துக் கொத்தினார். முதுகெல்லாம் தண்ணீர் ஓடியது. மூன்றாம் சுற்று முடிய, திரும்பிப் பார்க்காமல் குடத்தைப் பின்னால் போட்டேன். நல்ல பாத்திரத்தில் வேண்டுமென்றே துளை போடுவது எதற்கு என்று யாரும் எனக்கு விளக்கத் தேவையில்லை.

“இது செத்த வீட்டுச் சாமான் அண்ணை.”

“எந்த வீட்டுச் சாமானாயும் இருக்கட்டும். மூடவோ, விடவோ? உனக்கு நாளைக்குக் கந்தோர்.”

அவர் சாந்துக் கிண்ணத்தைக்கூட இழுத்துவிட்டார். நான் வேண்டாம் என்றேன். பக்தி என்று சொல்லமாட்டேன். சாந்து காய நேரம் போதாது, ஈரப் பெயின்ற் கையில் ஒட்டினால் கடிதம் அன்றோடு கிழியும் என்ற கணக்கும் இருந்தது. ஆனாலும் அந்த ஓட்டையை மூட மனம் வரவில்லை என்பதும் உண்மை.

“அப்ப நீ விசரன்தான்” என்றபடி துவாயைச் சுற்றித் தந்தார்.

கதவைத் திறந்தபோது எஞ்சினியர் அலுமாரிக்கு முன்னால் நின்றார். முடி புதிதாக வெட்டியிருந்தது. நான் பையை மேசையில் வைத்துத் தட்டை எடுத்தேன்.

சத்தம் போடுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் துளையைப் பார்க்கவேயில்லை. என் முகத்தைத்தான் பார்த்தார்.

“ஆருக்குக் காட்டினாய்?”

“என்ரை கூட்டாளிக்கு. சுருவம் திருத்திறவர்.”

“வேறை?”

“ஒருத்தருக்கும் இல்லை. துளை பழசு. செத்த ஆக்களுக்குப் போடுறது.”

“அதை ஆர் சொன்னது உனக்கு?”

“ஒருத்தரும் சொல்லேல்லை. எங்கடை ஊரிலை நாங்களும் போடுறம்.”

அவர் கதிரையில் இருந்தார். தெரு வெட்டும் யந்திரம் ஒரு மேட்டைப் பிளந்தபோது உள்ளே கல்லால் கட்டிய குழி இருந்ததாம். எலும்புக் கூட்டின் முகத்தை மூடியபடி இந்தத் தட்டு கவிழ்ந்து கிடந்ததாம். துளை சரியாக வாய்க்கு மேலே. “நான்தான் தூக்கினன்” என்றார். துளையோடு ஒருவரும் நல்ல விலை தரமாட்டார்கள் என்று நினைத்து ரோமில் கொடுத்து மூடுவித்திருக்கிறார்.

ஐந்து மணிக்கு வந்தவர் மெல்லிய, சுத்தமான மனிதர். நான் காப்பி கொண்டுபோனபோது தட்டைக் கவிழ்த்துப் பிடித்திருந்தார். துளையைக் கண்டு சந்தோஷப்பட்டார். கல்லறையிலிருந்து வந்தது என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி இல்லை என்றார். எஞ்சினியரின் தோள் தளர்ந்தது. எனக்கும் மூச்சு வந்தது. ஆனால் வந்தவர் ஆடுபவனின் இல்லாத காலைப் பார்த்தார். சட்டைப் பையிலிருந்து கைலேஞ்சி எடுத்தார், தண்ணீர்க் கோப்பையில் நுனியை நனைத்தார், நீட்டுக் குவளை ஒன்றை எடுத்து அதிலிருந்த அரசன் முகத்தில் தேய்த்தார். முகம் கைலேஞ்சிக்கு வந்துவிட்டது; அதுவும் புதிதாய்க் கீறியது. அடுத்ததைத் தேய்த்தார். மூன்றாவதைத் தேய்க்கவில்லை. காப்பியைப் பாதியில் வைத்துவிட்டு, மிக மரியாதையாக விடைபெற்றுப் போனார்.

நான் குசினியில் நின்றேன். கழுவின கோப்பையையே கழுவிக்கொண்டிருந்தேன். கடைசியில் அவர் கூப்பிட்டார். கடிதம் அவருக்கு முன்னால் இருந்தது. பேனையைத் திறந்து வைத்திருந்தார்.

“நாளைக்கு அங்கை என்ன கேப்பாங்கள்?”

“என்ன வேலை எண்டு கேப்பாங்கள்.”

“நீ என்ன சொல்லுவாய்?”

“வீடு கூட்டுறன், சமைக்கிறன், யன்னல் துடைக்கிறன்.”

“வேறை?”

அப்போதுதான் எனக்கு விளங்கியது. அவருக்கும் குவெஸ்தூராவுக்குப் பயம். கல்லறையில் எடுத்து ஒளித்துக் கொண்டுவந்த பொருட்கள் உள்ள வீட்டிலிருந்து, அதே வீட்டு விலாசத்தைக் கையில் பிடித்துக்கொண்டு, ஒருவன் பொலிஸ் கந்தோருக்குப் போகப்போகிறான். ‘கல்லறைச் சாமானைப் பற்றியும் சொல்லவோ?’ என்று ஒரு வசனம் என் வாய்க்குள் வந்து நின்றது. சொன்னால் கையெழுத்து உடனே விழும். ஆனால் தட்டைப் பைக்குள் வைத்து வெளியே கொண்டுபோனவன் நான். களவு என்று அவர் ஒரு வரி எழுதிக் கொடுத்தாலும் முடிந்தது.

“சட்டி பானையைப் பற்றி அவங்கள் கேக்கிறதில்லை” என்றேன்.

அவர் கையெழுத்து வைத்தார். மையை ஊதிக் காயவைத்து, மடித்துத் தந்தார்.

“திங்கட்கிழமையிலையிருந்து வேலைக்கு வரவேண்டாம்.”

மறுநாள் காலை வரிசையில் நின்றேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்த பொலிஸ்காரர் கடிதத்தை இரண்டு முறை படித்தார். அதே வீட்டில்தான் இப்போதும் வேலையா என்று கேட்டார். ஓம் என்றேன். வெள்ளிக்கிழமைதானே, பின்னேரம் யன்னல்கள் பாக்கி இருந்தன. அது பொய்யில்லை. முத்திரை விழுந்தது.