அமெரிக்காவுக்குக் கட்டிய பூ

நனைந்த காகிதத்தில் மை ஊறிய வாசனை... இன்றும் மூக்கிலேயே நிற்கிறது.

சென்னையிலிருந்து ரயிலில் வரும் பேப்பர் தென்காசிக்கு வருவதற்குள் ஒரு நாள் பழசாகிவிடும். ஐப்பசி மழையில் பாதி நனைந்தும் இருக்கும். நாற்பத்து நாலாம் வருஷம், உலகச் சண்டை நடந்த காலம். நான் அப்போது பள்ளிக்கூட டீச்சர். கல்யாணமாகி ஒரு வருடம். என் வீட்டுக்காரர் பர்மா எல்லையில் மிலிட்டரி லாரி ஓட்டிக்கொண்டிருந்தார்.

"அமெரிக்காக்காரங்க ஏரோப்ளேன்ல சாமான் கொண்டாந்து போடுதாங்க. அதான் எங்களுக்குச் சோறு" என்று எழுதியிருந்தார். அதற்குப் பிறகு மூன்று மாதமாகக் கடிதமே இல்லை.

அந்த நேரம் பார்த்து அமெரிக்காவில் எலெக்‌ஷன்! நாலாவது தடவையாக நின்ற ஜனாதிபதிப் பெரியவர் தோற்றுவிட்டால்? புதிதாக வருகிறவர் ஏரோப்ளேனை எல்லாம் திருப்பிக் கூப்பிட்டுக்கொண்டால்?

பேப்பர் கடை அண்ணாச்சி சிரித்தார். "நம்ம தலைவருங்களே ஜெயில்ல கெடக்காங்க. நீங்க அமெரிக்காவுக்குக் கவலைப்படுதீங்களே டீச்சர்!"

மாமியார் என்னைக் குற்றாலம் கோயிலுக்குக் கூட்டிப் போனார், பூக்கட்டிப் பார்க்க. வெள்ளை அரளி ஒரு பொட்டலம், சிவப்பு ஒரு பொட்டலம். மனதில் ஒன்றைக் கேட்டுக்கொண்டு சாமி முன் போட்டு, ஒரு குழந்தையை விட்டு ஒன்றை எடுக்கச் சொல்ல வேண்டும். வெள்ளை வந்தால் நல்லது.

"நீயே கேளுட்டி" என்றார் அத்தை.

அவர் உயிரோடு இருக்கிறாரா என்று கேட்கத்தான் போனேன். சிவப்பு வந்துவிட்டால்...? கடைசி நொடியில் பயந்துபோய், அந்த அமெரிக்கப் பெரியவர் ஜெயிப்பாரா என்று கேட்டுவிட்டேன்.

வெள்ளை வந்தது. "எம் மவன் வந்துருவாம்ட்டி!" என்று அத்தை என்னைக் கட்டிக்கொண்டு அழுதார். நான் கேட்டது வேறு என்பதை மறைத்து, அந்தப் பூவை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டேன்.

பெரியவர் ஜெயித்தார். கடிதம் வரவில்லை.

சித்திரை பிறந்த மறுநாள், அந்த அமெரிக்கப் பெரியவர் இறந்துபோன செய்தி பேப்பரில் வந்தது. வெள்ளைப் பூ வந்ததே அவருக்குத்தான்; அவரே போன பிறகு மனசுக்குள் வைத்திருக்க முடியவில்லை. அன்று கோயிலில் கேள்வியை மாற்றிக் கேட்டதை அழுதுகொண்டே அத்தையிடம் சொன்னேன். கன்னத்தில் ஒன்று விழும் என்றுதான் நினைத்தேன்.

"எனக்கே கேக்கத் தைரியம் இல்ல. அதாம்ட்டி உன்னயக் கேக்கச் சொன்னேன்" என்றார்.

சண்டை முடிந்து என் வீட்டுக்காரர் வந்தார், ஒரு காது கேளாமல்.

இப்போது எனக்குத் தொண்ணூறு தாண்டிவிட்டது; பேத்தி அமெரிக்காவில் இருக்கிறாள். அங்கே எலெக்‌ஷன், கலவரம் என்றால் நிமிஷத்துக்கு நிமிஷம் போனில் செய்தி வந்துவிடுகிறது. யார் ஜெயிப்பார் என்று வீட்டில் எல்லோரும் அடித்துக்கொள்கிறார்கள். நான் அவளுக்கு போன் போட்டு, "நல்லாருக்கியாட்டி?" என்று நேராகவே கேட்டுவிடுகிறேன்.

அவள் பதில் சொல்வதற்குள் வரும் அந்த ஒரு நொடி மட்டும்... இன்னும் பொட்டலம் பிரிக்கிற நொடிதான்.