மாதம் இரண்டாயிரம் குறைத்தவர்

அவர் திருச்சியில் வீட்டுக்கடன் வாங்கித் தரும் ஏஜென்ட். நெற்றிச் சந்தனம் சாயங்காலம் வரை கலையாது. எதைக் கேட்டாலும் கால்குலேட்டரைத் தட்டி, மாதத் தவணையை மட்டும் நம் பக்கம் திருப்பிக் காட்டுவார்.

ஸ்ரீரங்கத்தில் சின்னதாக ஒரு வீடு வாங்க, இருபது லட்சம் கடன் கேட்டுப் போயிருந்தோம். முசிறியில் வாழை போடும் அப்பா, அவருக்கென்று இரண்டு சீப்புப் பூவன்பழம் கொண்டுவந்திருந்தார். கடனைக் கட்டப்போவது என் சம்பளம். எங்கள் குடும்பத்தில் முதலில் படித்தவள் நான்.

"இருபது வருஷம்னா மாசம் பதினெட்டாயிரம்" என்றார். அப்பாவின் முகம் வாடியது. உடனே, "உங்களுக்காக முப்பது வருஷமாக்கிடறேன். பதினாறாயிரம்தான் வரும். சந்தோஷமா?"

அப்பா அவரைக் கையெடுத்துக் கும்பிட்டார். நான்தான் கேட்டேன்:

"மொத்தமா எவ்வளவு கட்டுவோம் சார்?"

"அதையெல்லாம் யாரும்மா பார்க்கிறாங்க?"

நானே போனில் பெருக்கிப் பார்த்தேன். "இருபது வருஷத்துல நாப்பத்திமூணு லட்சம். முப்பதுல அம்பத்தேழரை லட்சம். இவர் குறைக்கலப்பா, பதினாலு லட்சம் கூட்டியிருக்காரு."

"படிச்ச பொண்ணுல்ல, கணக்குல கெட்டிதான்" என்று சிரித்தபடியே அவர் ஒரு பழத்தை உரித்து வாயில் போட்டுக்கொண்டார்.

மீதிப் பழத்தைப் பையில் எடுத்துப் போட்டுக்கொண்டு எழுந்தேன். அப்பா கூனிக்குறுகிப் போனார்.

"யோசிச்சிட்டு வாங்கய்யா" என்று ஏஜென்ட் வாசல் வரை வந்து வழியனுப்பினார். "வேணும்னா இன்னும் கொஞ்சம் குறைச்சுத் தரேன்."

அந்தக் குரலில் நிஜமான கனிவு இருந்தது. அதுதான் எனக்கு இன்னும் அருவருப்பாக இருக்கிறது.